சேலத்து மக்களுக்கு ஒரு நன்றி மடல்

அண்ணன்மார், அக்காமார் எல்லோருக்கும் வணக்கம்.

சினிமா டைரக்டர் எல்லிஸ் ஆர். டங்கன் பற்றிய என் ஆவணப்படத்தின் எடிட்டிங் நேற்று ராத்திரி முடிந்தது. முதலில் உங்களிடம்தான் சொல்லத் தோன்றியது.

ஒஹையோவில் பிறந்த மனுஷன், கூடப் படித்த மாணிக்லால் டாண்டன் கூப்பிட்டார் என்று 1935-ல் கப்பலேறி வந்தவர், 15 வருஷம் இங்கேயே படம் எடுத்தார். நம் சேலத்து மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டுடியோவுக்கு 1950-ல் ‘பொன்முடி’, ‘மந்திரி குமாரி’. அப்புறம் ஊர் திரும்பி, மேற்கு வர்ஜீனியாவில் இருந்துகொண்டு ஆவணப்படங்கள் எடுத்தார். தமிழ் மட்டும் கடைசிவரை அவருக்கு வரவில்லை. இங்கிலீஷ் தெரிந்த உதவியாளர்கள் பக்கத்தில் நின்று சொல்லச் சொல்லத்தான் வேலை நடந்தது. அவர்களில் எத்தனை பேரை நமக்குப் பேர் சொல்லத் தெரியும்? கன்னங்குறிச்சியிலிருந்து டொராண்டோ போய், வாடகைப் பத்திரத்தைக்கூட அடுத்த வீட்டுக்காரர் படித்துச் சொல்லித்தான் கையெழுத்துப் போட்டவன் நான். அந்தக் கேள்வி என்னை விடவே இல்லை.

ஏற்காடு ரோட்டில் அந்த ஸ்டுடியோவின் நுழைவு வளைவு மட்டும் மிச்சம் நிற்கிறது. அங்கே மூன்று நாளும் எனக்கு நிழலும் டீயும் கொடுத்த அண்ணனுக்கு நன்றி. ஏற்காடு மலையின் 20 கொண்டை ஊசி வளைவும் ஏறி லேடீஸ் சீட்டில் நின்றபோது பனி இறங்கி லென்ஸெல்லாம் நீர் கோத்துவிட்டது. எஸ்டேட் வேலை முடிந்து போன அக்கா ஒருவர், தான் போர்த்தியிருந்த கம்பளியைக் கழற்றி கேமராவுக்குச் சுற்றினார். “நான் நடந்துக்கிறேன் தம்பி, மிஷினுக்குத்தான் ஆகாது” என்றார்.

தியேட்டரில் படம் ஓட்டிய அம்மாபேட்டை ஆபரேட்டர் தாத்தாவுக்கு எப்படி நன்றி சொல்வது! அறுந்த பிலிமை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, ஓரத்தை பிளேடால் பட்டும் படாமலும் சுரண்டி, ஒரு சொட்டுப் பசை தடவி, மூச்சை அடக்கிக்கொண்டு அழுத்தினார். புரொஜக்டர் விளக்கில் எரியும் கார்பன் குச்சி ரெண்டும் தேயத் தேய நெருக்கிக்கொண்டே இருக்கணும், இல்லாவிட்டால் திரை மங்கிவிடும், அதனால் படத்தை அவர் ஒருநாளும் முழுசாகப் பார்த்ததில்லை என்று சொன்னது என் படத்தின் நடுவே அப்படியே இருக்கிறது.

நன்றிப் பட்டியலைக் கடைசியில் போடுவதுதான் வழக்கம். நான் முதலிலேயே போட்டிருக்கிறேன். உங்கள் பேர்கள் ஓடி முடிந்த பிறகுதான் டங்கன் வருகிறார்.

தாத்தா, நீங்கள் ஒட்டிக் காட்டிய அந்தப் பிலிம் துண்டு என்னிடம்தான் இருக்கிறது. கோட்டை மாரியம்மன் ஆடித் திருவிழாவுக்கு வரும்போது கொண்டுவந்து தருகிறேன். படத்தையும் உங்கள் வீட்டுச் சுவரிலேயே போடுவோம். இந்தத் தடவை நீங்கள் உட்கார்ந்து பார்க்க வேண்டும்.