அசரியாவை முழுதாகச் சொல்லிக் கொடுங்கள்

சென்னைத் திருச்சபைகளில் ஞாயிறு பள்ளி நடத்தும் ஆசிரியர்களுக்கும், அதற்குப் பாடம் தயாரிக்கும் பெரியவர்களுக்கும் ஸ்தோத்திரம்.

செப்டம்பர் 27 வந்தால் தென்னிந்தியத் திருச்சபை உருவான நாளை ஆராதனையில் நினைவுகூருகிறோம். 1947ல் அந்த நாளில்தான் கதீட்ரல் சாலையிலுள்ள தூய ஜார்ஜ் பேராலயத்தில் ஆங்கிலிக்கன், மெதடிஸ்ட், பிரெஸ்பிட்டேரியன், காங்கிரிகேஷனல் மரபினர் ஒரே சபையானார்கள். இதைப் பிள்ளைகள் நன்றாக ஒப்பிக்கிறார்கள். ஆனால் இந்த ஒற்றுமைக்கு முதலில் ஆட்களைக் கூட்டிப் பேசியவர் யார் என்று கேட்டால் பெரும்பாலும் பதில் வருவதில்லை. வேதநாயகம் சாமுவேல் அசரியா என்ற பெயர் தெரிந்த பிள்ளைக்கும் "முதல் இந்திய ஆங்கிலிக்கன் பேராயர்" என்ற ஒரு வரிதான் தெரிகிறது. அந்த ஒரு வரி வினாடி வினாவுக்குப் போதும். பிள்ளைகளுக்கு அவருடைய வாழ்க்கை முழுவதும் வேண்டும் என்று கேட்கவே இந்த மடல்.

1874 ஆகஸ்ட் 17ல் திருநெல்வேலிப் பக்கத்து வெள்ளாளன்விளையில் பிறந்தார். அப்பா தாமஸ் வேதநாயகம் அங்கே குருவானவர். அவர் சீக்கிரமே காலமாகிவிட, அம்மா எல்லன்தான் கண்டிப்போடு வளர்த்தார். பிறகு படிப்பு சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில். கல்லூரி அப்போது தாம்பரத்தில் இல்லை, ஜார்ஜ் டவுனில் இருந்தது. 1895 முதல் 1909 வரை ஒய்.எம்.சி.ஏ. செயலராகத் தென்னிந்தியா முழுக்க அலைந்தார். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து படிக்கவும் வேலைக்கும் சென்னை வந்த குடும்பங்கள் நம் சபைகளில் எத்தனை! அந்த வீட்டுப் பிள்ளைகளுக்கு இந்த வழி தெரிந்த வழிதான்.

1902ல் யாழ்ப்பாணம் போனார். அங்கே தமிழ்க் கிறிஸ்தவர்கள் தங்கள் சொந்தச் செலவில் ஊழியர்களை அனுப்புவதைக் கண்டார். அடுத்த ஆண்டே திருநெல்வேலியில் இந்திய மிஷனரி சங்கம் தொடங்கியது. ஆளும் நம் ஆள், பணமும் நம் பணம், நிர்வாகமும் நம் கையில் என்பதுதான் அதன் அடிப்படை. அந்தச் சங்கம் ஊழியம் செய்யத் தேர்ந்தெடுத்த இடம் நிஜாம் ஆட்சியிலிருந்த டோர்ணக்கல் பகுதி. பிறரை அனுப்பியதோடு அசரியா நிற்கவில்லை. 1909ல் ஒய்.எம்.சி.ஏ. பதவியை விட்டு, குருப்பட்டம் பெற்று, 35 வயதில் தெலுங்கு மண்ணுக்குத் தானே குடிபோனார்.

அடுத்த ஆண்டு எடின்பரோவில் உலக மிஷனரி மாநாடு. இந்தப் பகுதிக்கு மட்டும் ஒரு வகுப்பு முழுவதையும் ஒதுக்குங்கள் என்று கேட்பேன். மேற்கத்திய மிஷனரித் தலைவர்கள் நிறைந்த அரங்கில் ஒரு தமிழர் எழுந்து, மிஷனரிகளுக்கும் இந்திய ஊழியர்களுக்கும் நடுவில் உள்ள இடைவெளியைப் பற்றிப் பேசுகிறார். வருடக்கணக்கில் ஒன்றாக வேலை செய்தும் ஒரு வேளை சாப்பாட்டுக்குக்கூட வீட்டுக்குள் அழைக்காத நிலையை முகத்துக்கு நேராகச் சொல்கிறார். ஏழைகளுக்கு உங்கள் பொருளைக் கொடுத்தீர்கள், உங்கள் உடலையும் சுட்டெரிக்கக் கொடுத்தீர்கள், நாங்கள் அன்பையும் கேட்கிறோம், எங்களுக்கு நண்பர்களைத் தாருங்கள் என்று முடிக்கிறார். அன்பைப் பற்றிய 1 கொரிந்தியர் 13 பிள்ளைகளுக்கு மனப்பாடம். அதை எடுத்து, ஆளுகிறவர்களின் முன்னால் வைத்தவர் இவர். மிஷனரிகளின் தியாகத்தை ஒரு சொல்லால்கூட அவர் சிறுமைப்படுத்தவில்லை. நன்றியையும் சொன்னார், குறையையும் சொன்னார். அரங்கில் சிலருக்குக் கோபம் வந்தது, சிலர் பாராட்டினார்கள்.

இன்று வெள்ளைக்காரர் யாரும் நம்மைப் பந்திக்கு வெளியே நிறுத்தவில்லை. ஆனால் நாம் யாரை நிறுத்துகிறோம்? அசனம் என்னும் சபை விருந்தில் எல்லோரும் ஒன்றாகத்தான் உட்காருகிறோம். பெண் கொடுத்து எடுக்கும்போதும், சேகரத் தேர்தலில் ஓட்டுக் கேட்கும்போதும் சாதி வந்துவிடுகிறது. பிள்ளைகள் இதைப் பார்த்துக்கொண்டுதான் வளர்கிறார்கள். எடின்பரோ பேச்சை வெள்ளைக்காரர்களுக்கு எதிரான வீரக் கதையாக மட்டும் சொல்லிவிடாதீர்கள். அதே கேள்வியை நம்மிடமும் கேட்கப் பிள்ளைகளுக்கு இடம் கொடுங்கள்.

1912 டிசம்பர் 29ல் கல்கத்தா தூய பவுல் பேராலயத்தில் அவரைப் பேராயராக அபிஷேகம் செய்தார்கள். அதற்காக முன்னின்று வாதாடியவர் அன்றைய சென்னைப் பேராயர் ஹென்றி ஒயிட்ஹெட். இந்தியரின் கீழ் ஐரோப்பியர் வேலை செய்வார்களா என்ற எதிர்ப்பை மீறித்தான் அது நடந்தது. அதற்குப் பிறகு 1945 ஜனவரி 1ல் அவர் இறக்கும் வரை, 32 ஆண்டுகள், தனிப் பேராயத்தின் பொறுப்பை ஏற்ற இந்திய ஆங்கிலிக்கன் பேராயர் அவர் ஒருவர்தான். இரண்டாவது ஆளை வரவிடாமல் அத்தனை காலம் வைத்திருந்ததும் வரலாறுதான். அதையும் பாடத்தில் எழுதுங்கள்.

டோர்ணக்கலில் அவரைச் சுற்றித் திரண்டவர்களில் பெரும்பாலோர் ஊருக்கு வெளியே வைக்கப்பட்டிருந்த மாலா, மாதிகா மக்கள். மாட்டு வண்டியில் கிராமம் கிராமமாகப் போனார். அந்த மக்களிலிருந்தே உபதேசியார்களையும் குருமார்களையும் உருவாக்கினார். அவர் மனைவி அன்பு மரியம்மாள் கல்லூரிப் படிப்புக்குப் போன முதல் தென்னிந்தியக் கிறிஸ்தவப் பெண்களில் ஒருவர். கிராமப் பெண்கள் நடுவில் அவர் செய்த வேலைக்குத் தனிப் பாடமே போடலாம். 1939ல் திறக்கப்பட்ட டோர்ணக்கல் பேராலயத்தின் படத்தையும் காட்டுங்கள். கோயில் தூண்களும் மசூதிக் குவிமாடங்களும் கலந்த அந்தக் கட்டடத்தைப் பார்த்தாலே பிள்ளைகள் கேள்வி கேட்பார்கள்.

சங்கடமான பகுதிகளையும் ஒதுக்காதீர்கள். மதமாற்றம் பற்றி காந்தியடிகளோடு அவருக்கு ஒத்துப்போகவில்லை. அதே அசரியாதான் இந்தியக் கிறிஸ்தவர்கள் மட்டும் தனியாக ஓட்டுப் போட்டுத் தங்கள் பிரதிநிதிகளைத் தேர்ந்தெடுக்கும் தனித் தொகுதி முறை வேண்டாம் என்றும் சொன்னார். சபை அரசியல் பங்கு கேட்கும் ஒரு சமூகமாகச் சுருங்கிவிடும் என்று பயந்தார். இரண்டையும் சேர்த்துச் சொன்னால்தான் அவர் யார் என்று புரியும். பெரிய பிள்ளைகள் வகுப்பில் இதைத் தாராளமாக விவாதிக்கலாம், அவரோடு உடன்படாமலும் போகலாம்.

அப்புறம் தரங்கம்பாடி. 1919 மே மாதம் அங்கே கூடிய 33 பேரில் இரண்டு பேர் தவிர எல்லோரும் இந்தியர்கள். அந்தக் கூட்டத்தைக் கூட்டியவர்களில் முக்கியமானவர் அசரியா. சபைகள் இணைய வேண்டும் என்ற அறிக்கை அங்கேதான் எழுந்தது. 1927ல் சுவிட்சர்லாந்தின் லோசானில் நடந்த சபை ஒற்றுமை மாநாட்டில், சபைப் பிரிவினை உங்கள் நாட்டில் பலவீனமாக இருக்கலாம், எங்கள் நாட்டில் அது பாவமும் இடறலும் என்று சொன்னார். சீனாவில் போர் மூண்டதால் 1938ல் தாம்பரத்துக்கு மாறி வந்த உலக மிஷனரி மாநாட்டுக்கு இந்தியத் திருச்சபைகளின் சார்பில் வரவேற்பாளராகவும் இருந்தார். இத்தனை ஆண்டுகள் உழைத்தவர், தூய ஜார்ஜ் பேராலயத்தில் சபைகள் இணைந்த அந்த நாளுக்கு மூன்று ஆண்டுகூட இல்லாதபோது போய்விட்டார்.

வரும் மே மாத விடுமுறை வேதாகமப் பள்ளியில் (வி.பி.எஸ்.) ஐந்து நாளும் இவர் வாழ்க்கையையே எடுங்கள். ஒரு நாள் பிள்ளைகளைப் பாரிமுனைக்கு அழைத்துப் போய், பழைய கல்லூரி இருந்த பகுதியையும் எஸ்பிளனேடு ஒய்.எம்.சி.ஏ.வையும் காட்டுங்கள். இன்னொரு நாள் தாம்பரம் கல்லூரி வளாகம், கடைசி நாள் தூய ஜார்ஜ் பேராலயம். எல்லாம் மின்சார ரயிலிலும் பஸ்ஸிலும் போய்வரக்கூடிய இடங்கள்தான். சின்னப் பிள்ளைகளுக்குப் படக்கதையாகவும், பெரியவர்களுக்கு எடின்பரோ பேச்சின் முழுத் தமிழாக்கமாகவும் பாடத்தைத் தயாரித்துவிட்டால், செப்டம்பர் 27 ஆராதனையில் அந்தப் பேச்சைப் பிள்ளைகளே வாசிக்கலாம். தமிழாக்கத்துக்கு ஆள் தேவைப்பட்டால் என்னைக் கூப்பிடுங்கள், அந்த வேலையை நான் செய்து தருகிறேன்.

உங்கள் சபைகளில் ஒன்றின் அங்கத்தினர்,
சென்னை