எண்ணைச் சொல்லுங்கள், ஏட்டைக் காட்டுங்கள்

ஓலைச்சுவடியின் பெயரால் மாய மூலிகைக் காணொளிகள் வெளியிடும் நண்பர்களுக்கு,

வணக்கம்.

சென்ற மாதம் என் அத்தை தன் கைப்பேசியை என்னிடம் நீட்டி, "நீ இந்தச் சுவடியைப் படித்திருக்கிறாயா?" என்று கேட்டார். நான் ஏடு படிக்கக் கற்றவன் என்பதில் அவருக்குப் பெருமை உண்டு. உங்களில் ஒருவர் வெளியிட்ட காணொளி அது. 2,000 ஆண்டுப் பழமையான சுவடி, அதில் காலத்தையே நிறுத்தும் ஒரு மூலிகை, அதன் வேரைப் பால்விட்டு அரைத்து ஒரு மண்டலம் உண்டால் நரையும் திரையும் மாறும், சர்க்கரை நோய் இருந்த இடம் தெரியாது என்று குரல் சொல்லிக்கொண்டே போனது. நடுவே ஓர் ஓலையை அருகில் காட்டினீர்கள். படத்தை நிறுத்திப் பெரிதாக்கிப் படித்தேன். கலம், மரக்கால், நாழி, உழக்கு என்று வரிசையாக இருந்தன. யாரோ ஒருவர் வீட்டு நெல் கணக்கு.

அத்தை அதற்குள் 11 நாளாகச் சர்க்கரை மாத்திரையை நிறுத்தியிருந்தார். இப்போது மீண்டும் ஒழுங்காகச் சாப்பிடுகிறார், நலமாகவும் இருக்கிறார். ஆனால் கேட்பதற்கு ஆளில்லாத வீடுகளில் என்ன நடக்கும் என்ற நினைப்பு என்னை விடவில்லை. அதனால்தான் இந்த மடல்.

பனையோலை நம் ஊர் ஈரத்திலும் பூச்சி அரிப்பிலும் சில நூற்றாண்டுகளே தாங்கும். பழைய ஏடு சிதையும் முன் புதிய ஏட்டில் படியெடுத்துப் படியெடுத்துத்தான் நம் நூல்கள் பிழைத்தன. இன்று நூலகங்களில் இருக்கும் தமிழ்ச் சுவடிகளில் பெரும்பாலானவை 18, 19-ஆம் நூற்றாண்டுகளில் எழுதப்பட்டவை. நூல் பழையதாக இருக்கலாம், ஏடு அவ்வளவு பழையதன்று. ஏட்டின் வயதைச் சொல்வதும் எளிதில்லை. "சுபானு வருடம் ஆடி மாதம் எழுதி முடிந்தது" என்று கடைசி ஏட்டில் இருக்கும். அந்தச் சுபானு 1763-ஆ, 1823-ஆ, 1883-ஆ? அறுபது ஆண்டுக்கு ஒரு முறை அதே பெயர் திரும்பி வருகிறதே. கையெழுத்தையும் சொல்லையும் எழுதியவர் குறிப்பையும் வைத்துப் பல நாள் உட்கார்ந்து பார்க்க வேண்டும். நீங்கள் ஒரே மூச்சில் 2,000 என்கிறீர்கள்.

சொல்லே சில இடங்களில் காலத்தைக் காட்டிக்கொடுக்கும். சித்தர்கள் பெயரில் வழங்கும் மருத்துவப் பாடல்களில் பறங்கிப்பட்டை என்ற மருந்துச் சரக்கு வருகிறது. போர்ச்சுகீசியர் இங்கே வந்து இறங்கியது 1498-இல். அவர்களைப் பறங்கியர் என்று நாம் அழைத்த பிறகுதான் அந்தப் பட்டைக்கு அந்தப் பெயர் வந்திருக்க முடியும். இதைச் சொல்வதால் அந்தப் பாடல்களின் மதிப்பு குறையாது. வெளியிலிருந்து வந்த மருந்தையும் கண்டு, உடனே பாட்டில் ஏற்றிவைத்த மருத்துவர்கள் நமக்கு இருந்தார்கள் என்பது எனக்குப் பெருமையாகவே இருக்கிறது.

இன்னொன்று, ஏட்டில் புள்ளி இருக்காது. ஒற்றைக்கொம்புக்கும் இரட்டைக்கொம்புக்கும் வேறுபாடு இருக்காது. காலும் ரகரமும் ஒன்றுபோல் இருக்கும். 'கொடு' என்பதும் 'கோடு' என்பதும் ஒரே வடிவம்தான். மருந்தில் இந்தக் குழப்பம் எங்கே கொண்டுபோய் விடும் என்று எண்ணிப் பாருங்கள். ஏடு படிப்பவர்கள் ஓர் எழுத்துக்காக நான்கு சுவடிகளை ஒப்பிடுவது இதனால்தான்.

உ.வே.சாமிநாதையர் 1894-இல் புறநானூற்றைப் பதிப்பித்தார். 267, 268-ஆம் பாட்டுகள் கிடைக்கவில்லை. வேறு பல பாட்டுகளில் அடிகள் சிதைந்திருந்தன. அவருக்கு இருந்த புலமைக்கு அந்த இடங்களைத் தாமே இட்டு நிரப்பியிருந்தால் எத்தனை பேர் கண்டுபிடித்திருப்பார்கள்? அவர் அதைச் செய்யவில்லை. அந்த வெற்றிடங்கள் இன்றும் நம் புத்தகங்களில் அப்படியே இருக்கின்றன. அவற்றைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் கைகூப்பத் தோன்றும்.

அதே புறநானூற்றின் 91-ஆம் பாட்டைத்தான் நீங்கள் சான்றாகக் காட்டுகிறீர்கள். அதியமான் சாவை நீக்கும் நெல்லிக்கனியை, அதன் சிறப்பைச் சொல்லாமல் ஔவைக்குக் கொடுத்த பாட்டு. ஒருவன் தனக்குக் கிடைத்த அரிய பொருளைத் தான் உண்ணாமல் புலவருக்குக் கொடுத்த செய்தி அது. அதில் வேரும் இல்லை, அரைக்கும் முறையும் இல்லை.

செடிக்கும் காலத்துக்கும் உள்ள உறவில் வியப்பு வேண்டுமென்றால், பொய் தேவையே இல்லை. நீலக்குறிஞ்சி 12 ஆண்டுக்கு ஒரு முறை பூக்கிறது. மூணாறு மலைகளில் 2006-இல் பூத்தது, 2018-இல் பூத்தது. நாட்காட்டி இல்லாமல் அது எப்படி எண்ணுகிறது? மிசோரமில் ஒரு வகை மூங்கில் ஏறத்தாழ 48 ஆண்டுக்கு ஒரு முறை காடு முழுவதும் பூத்து மடியும். அந்த விதைகளைத் தின்று எலி பெருகி, 1959-இல் பெரும் பஞ்சமே வந்தது. நீங்கள் மந்திர மூலிகை என்று காட்டும் தொழுகண்ணியின் சிற்றிலைகள் யாரும் தொடாமலே சில நிமிடங்களுக்கு ஒரு முறை சுற்றி வருகின்றன. ஜகதீச சந்திர போஸ் அந்த அசைவை இதயத் துடிப்போடு ஒப்பிட்டு ஆராய்ந்தார். இவற்றைக் காணொளியாக்குங்கள், முதல் ஆளாக நான் பார்ப்பேன். 20 ஆண்டுக்கு ஒரு முறை பெண் வடிவில் பூக்கும் நாரிலதா என்று பொய்ப் படத்தைச் சுற்றுக்கு விடாதீர்கள்.

கற்பனைச் சுவடியைப் பற்றிக் கதை எழுத விரும்பினால் எழுதுங்கள், கதை என்று சொல்லிவிட்டு எழுதுங்கள். அதில் ஒருவருக்கும் கேடில்லை.

உண்மையான மருத்துவச் சுவடிகள் இருக்கின்றன. சென்னை ஆசியவியல் நிறுவனத்தின் தமிழ் மருத்துவச் சுவடித் தொகுப்பு 1997-இல் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பட்டியலில் இடம்பெற்றது. சென்னைக் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்திலும் தஞ்சை சரசுவதி மகாலிலும் கட்டுக்கட்டாக இருக்கின்றன. அவற்றைப் படிக்க ஆள் போதவில்லை. உங்கள் காணொளியைப் பார்க்கும் இளைஞர்களில் பத்துப் பேர் ஏடு படிக்க வந்தாலும் போதும்.

நூலகத்தில் உள்ள ஒவ்வொரு சுவடிக்கும் ஓர் எண் உண்டு. நீங்கள் காட்டும் மூலிகைச் சுவடி எந்த நூலகத்தில் இருக்கிறது, எண் என்ன, எத்தனையாவது ஏடு? தனியார் வீட்டில் இருப்பதால் இடம் சொல்ல முடியாது என்றால், அந்த ஏட்டின் தெளிவான படம் ஒன்று போதும். வரிவரியாகப் படித்து, உள்ளதை உள்ளபடி எழுதி அனுப்புகிறேன். கட்டணம் எதுவும் வேண்டாம். நெல் கணக்கைக் காட்டிய அந்தக் காணொளியை மட்டும் இன்றே நீக்கிவிடுங்கள்.

அன்புடன்,
ஏடு படிக்கும் ஒருவன்