பேருந்துத் திரையைக் கொஞ்சம் கவனியுங்கள்: யாழ். தனியார் பேருந்து உரிமையாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள உரிமையாளர்களே, சாரதி, நடத்துநர் தம்பிமாரே,

காலை ஏழு மணிக்குப் பருத்தித்துறையிலிருந்து யாழ்ப்பாணம் வரும் மினிபஸ்ஸில் பாதிப் பேர் பள்ளிக்கூடப் பிள்ளைகள். சாரதியின் தலைக்கு மேலே பிள்ளையார் படம், பக்கத்தில் திரை. அதில் குத்துப்பாட்டு. கமரா ஆடுகிறவளின் முகத்துக்குப் போவதே இல்லை. இடுப்பிலும் மார்பிலும்தான் சுற்றுகிறது. முன் இருக்கையில் ஒரு மாணவி புத்தகப்பையை மடியில் இறுக்கிக்கொண்டு யன்னல் பக்கம் திரும்பி இருக்கிறாள். மிதிபலகையில் நிற்கும் பெடியள் திரையைப் பார்த்துவிட்டு அவளைப் பார்க்கிறார்கள்.

முன்பு இதற்கெல்லாம் ஒரு வேலி இருந்தது. மஞ்சள் பத்திரிகையை ஒளித்துத்தான் விற்பார்கள். 'வயது வந்தவர்களுக்கு மட்டும்' படம் என்றால் அது எப்படிப்பட்டது என்று ஊருக்கே தெரியும். இன்றைக்கு அதே கமராக் கோணமும் அதே முனகலும் பெரிய நடிகர்களின் படப்பாட்டுக்குள் வந்துவிட்டன. 'சினிமாப் பாட்டுத்தானே' என்று ஒரு சொல் சொன்னால் பேச்சு முடிந்தது.

தணிக்கை பார்த்துத்தானே விடுகிறார்கள் என்பீர்கள். இந்தியாவில் 2023 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு யூ/ஏ சான்றிதழை 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரித்திருக்கிறார்கள். அந்த வயதுக்குக் கீழ்ப்பட்ட பிள்ளை பெற்றோரின் வழிகாட்டலோடு பார்க்கவேண்டும் என்பதுதான் அதன் பொருள். காலை பஸ்ஸில் எந்தப் பெற்றோர் பக்கத்தில் இருக்கிறார்கள்? யூடியூப்பில் நேரே விடும் பாட்டுகளுக்கு அந்தத் தணிக்கையும் கிடையாது. யூடியூப் 18 வயதுப் பூட்டுப் போட்டாலும், யாரோ இறக்கிப் பென்ட்ரைவில் ஏற்றியதும் பூட்டுக் கழன்றுவிடும். கடைசியில் எது ஓடவேண்டும் என்று முடிவெடுப்பது உங்கள் நடத்துநர்தான்.

பிடிக்காவிட்டால் வீட்டில் தொலைக்காட்சியை நிறுத்தலாம், திரையரங்கில் எழும்பிப் போகலாம். பஸ்ஸில் காசு கொடுத்து ஏறிய பயணி எங்கே போவார்? வயது வந்தவர்கள் தங்கள் அறையில் என்ன பார்க்கிறார்கள் என்பதில் நான் தலையிட வரவில்லை. நடிகையைத் திட்டுவதும், அந்தச் சாட்டில் எங்கள் பெண்பிள்ளைகளின் உடுப்பை அளப்பதும் எனக்கு அறவே உடன்பாடில்லை. சொல்லப்போனால், உடம்பைக் காட்டுவதைவிட எனக்குப் பயம் தருவது வேறு: 'வேண்டாம்' என்கிற பெண்ணைத் துரத்திக்கொண்டே போனால் கடைசியில் சிரிப்பாள் என்று காட்டும் பாட்டுகள். இலங்கையில் 90 சதவீதமான பெண்கள் பஸ்ஸிலும் ரயிலிலும் பாலியல் தொந்தரவுக்கு ஆளானதாக ஐ.நா. சனத்தொகை நிதியத்தின் ஆய்வு 2017இல் சொன்னது. அதற்குப் பாட்டுத்தான் காரணம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அந்தத் தொந்தரவு நடக்கிற இடத்திலேயே இந்தப் பாட்டை ஏன் போடவேண்டும்?

பள்ளிக்கூடம் போகும் நேரத்திலும், ரியூசன் விடும் நேரத்திலும் திரையை நிறுத்திவிடுங்கள். பாட்டு வேண்டுமென்றால் சத்தத்தை மட்டும் விடுங்கள். பென்ட்ரைவில் இருப்பதை உரிமையாளரே ஒருமுறை உட்கார்ந்து பாருங்கள், முடிந்தால் உங்கள் மகளையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு. அப்புறம், ஒரு பெண் எழும்பி 'தம்பி, இதை நிப்பாட்டுங்கோ' என்று கேட்டால், மற்றவர்கள் முன்னால் அவளைப் பகிடி பண்ணாமல் நிப்பாட்டச் சொல்லி உங்கள் நடத்துநருக்கு இன்றைக்கே சொல்லிவையுங்கள்.

இப்படிக்கு,
தினமும் உங்கள் பஸ்ஸில் வரும் ஒரு தாய்