மிஷோ படத் திரையிடலுக்குத் துணைநின்றவர்களுக்கு ஒரு நன்றி மடல்

அன்புடையீர்,

சென்ற மாதம் எங்கள் சிறு குழு நடத்திய, அமெரிக்கக் கறுப்பினத் திரைப்பட இயக்குநர் ஆஸ்கர் மிஷோவின் படத் திரையிடலுக்கு உதவிய அனைவருக்கும் நன்றி சொல்லவே இம்மடலை எழுதுகிறேன். தெரிந்தவர்களின் வீடுகளை இரவல் வாங்கியே பல காட்சிகளை எடுத்து முடித்த ஒருவரின் படத்தை, நாங்களும் இரவல் புரொஜெக்டரில், வாடகை வாங்காமல் ஒருவர் திறந்துவிட்ட மாடிக் கூடத்தில்தான் காட்டினோம் என்பது வீடு திரும்பும்போதுதான் எனக்கு உறைத்தது. கூடத்தின் உரிமையாளருக்கு முதல் நன்றி.

கையேடு அச்சிடப் பணம் தந்த கடைக்காரர்களிடம் நான் சொன்னது மிஷோவின் கதையைத்தான். 1884இல் இலினாய் மாநிலத்தில் பிறந்த அந்தக் கறுப்பின இளைஞர், புல்மன் என்ற படுக்கை வசதியுள்ள ரயில் பெட்டிகளில் சிப்பந்தியாக வேலைபார்த்துச் சேர்த்த பணத்தில் தெற்கு டகோட்டாவில் நிலம் வாங்கி உழுதார். பிறகு தம் அனுபவத்தையே நாவலாக்கி, தாமே பதிப்பித்து, வீடு வீடாகச் சென்று விற்றார். லிங்கன் என்ற கறுப்பினப் படக் கம்பெனி அவருடைய நாவலொன்றைப் படமாக்கக் கேட்டபோது, நானே இயக்குவேன் என்று பிடிவாதம் பிடித்தார், பேச்சு முறிந்தது. உடனே சொந்தக் கம்பெனி தொடங்கி, தம் புத்தகங்களை வாங்கிய வெள்ளைக்கார விவசாயிகளிடமே பங்குகளை விற்று, 1919இல் முதல் படத்தை வெளியிட்டார். அவருடைய கலையைவிட, கூச்சமின்றிக் கேட்கும் அந்தத் துணிவே என்னை அதிகம் வியக்கவைக்கிறது.

நாங்கள் காட்டிய ‘விதின் அவர் கேட்ஸ்’ என்ற மௌனப்படம் 1920இல் வந்தது. முந்தைய ஆண்டு சிகாகோவில் இனக்கலவரம் நடந்திருந்ததால், கும்பல் கொலைக் காட்சிக்கு அஞ்சிய தணிக்கையாளர்கள் அதை எளிதில் அனுமதிக்கவில்லை. பல்லாண்டுகள் தொலைந்துபோனதாகக் கருதப்பட்ட அப்படத்தின் பிரதியொன்று, காட்சிகளுக்கிடையே வசனம் காட்டும் ஸ்பானிய எழுத்தட்டைகளோடு மாட்ரிட் ஆவணக் காப்பகத்தில் கிடைத்தது. அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் அதை 1993இல் மீட்டெடுத்தது. அவ்விரு இடங்களின் ஊழியர்கள் இம்மடலைப் படிக்கப்போவதில்லை. ஆயினும் அவர்களை விட்டுவிட மனம் வரவில்லை.

ஸ்பானியத்திலிருந்து ஆங்கிலத்துக்கு மீட்கப்பட்ட அந்த வாசகங்களைத் தமிழாக்கித் தந்த ஆசிரியை, எழுபத்தொன்பது நிமிடமும் இருட்டில் சிறு விளக்கொன்றின் வெளிச்சத்தில் அவற்றை வாசித்தார். ஏழைப் பிள்ளைகளின் பள்ளிக்காக ஐயாயிரம் டாலர் திரட்ட வடக்கே போகும் நாயகியின் சொற்களை அவர் வாசித்தபோது, இதே கூடத்துக்காக நான் ஏறி இறங்கிய படிகள் நினைவுக்கு வந்தன. வயலின் வாசித்த நண்பருக்கும், மின்சாரம் போன இருபது நிமிடமும் எழுந்து போகாத பார்வையாளர்களுக்கும் கடன்பட்டிருக்கிறேன்.

மிஷோ கறுப்பினத்தவரிலும் வெளிர்நிறத்தவரையே நாயகராக்கினார் அல்லவா என்று கலந்துரையாடலில் கேட்ட மாணவருக்கும் தனியாக நன்றி. அன்று நான் தடுமாறினேன். அந்தக் குறை அவர் காலத்திலேயே பேசப்பட்டது. 1938இல் அவருடைய படமொன்றை எதிர்த்து நியூயார்க்கில் மறியலும் நடந்தது. 1928இல் திவாலாகியும் மீண்டெழுந்து, நாற்பதுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்த மனிதர் என்பதற்காக அக்குறையை நாம் மறைக்கவேண்டியதில்லை.

உண்டியலில் சேர்ந்த தொகையிலிருந்து ஆட்டோ கட்டணத்தைக்கூட ஆசிரியை வாங்க மறுத்துவிட்டார். புகழ்பெற்ற கறுப்பினப் பாடகரும் நடிகருமான பால் ராப்சன் முதன்முதலாகத் திரையில் தோன்றிய, மிஷோவின் 1925ஆம் ஆண்டுப் படத்தைத் திரையிட அத்தொகையை அப்படியே வைத்திருக்கிறோம்.

நன்றியுடன்,
திரையிடல் குழுவின் சார்பில்