பியர் பூல் எழுதாத திரைக்கதை: ஆஸ்கர் அகாடமிக்கு ஒரு திறந்த மடல்

அகாடமியின் நிர்வாகக் குழுவினருக்கும், லாஸ் ஏஞ்சலிஸில் உங்கள் அருங்காட்சியகத்தை நடத்துகிறவர்களுக்கும் வணக்கம்.

கார்ல் ஃபோர்மனைப் பற்றி உங்களுக்கு மடல் எழுத ஒரு தமிழ் ரசிகனுக்கு என்ன வந்தது என்று கேட்பீர்கள். அவர் எழுதித் தயாரித்த 'மெக்கன்னாஸ் கோல்ட்' 1969இல் அமெரிக்காவில் எடுபடவில்லை. இந்தியாவில் சக்கைப்போடு போட்டது. திரும்பத் திரும்பத் திரையிட்டார்கள், திரும்பத் திரும்பக் கூட்டம் வந்தது. அறுபதைத் தாண்டியவர்களிடம் அந்தப் பேரைச் சொல்லிப் பாருங்கள்; கிரிகரி பெக், உமர் ஷரீஃப், கடைசியில் பொலபொலவென்று சரியும் பள்ளத்தாக்கு என்று ஆரம்பித்துவிடுவார்கள். எழுதியவர் யாரென்று கேட்டால் மட்டும் தெரியாது. படமும் அப்படியொன்றும் நல்ல படம் இல்லை, அது வேறு விஷயம்.

நான் கேட்க வந்தது, கம்யூனிஸ்ட் தொடர்பைக் காரணம் காட்டிச் சிலருக்கு ஆஸ்கர் கிடையாது என்று 1957 பிப்ரவரியில் நீங்களே போட்ட ஒரு விதியைப் பற்றி. அதை உங்கள் அருங்காட்சியகச் சுவரில், எல்லோரும் படிக்கும் அளவு எழுத்தில், இவருக்குக் கொடுத்த விருதின் கதையோடு சேர்த்து எழுதி வைக்க வேண்டும். ஏன் என்று சொல்கிறேன்.

ஃபோர்மன் 1914இல் சிகாகோவில் எளிய யூதக் குடும்பத்தில் பிறந்தவர். ஹாலிவுட்டில் அவருக்கு முதலில் கிடைத்தது மலிவான படங்களுக்கு எழுதும் வேலை. போர் முடிந்து திரும்பிய பிறகு தயாரிப்பாளர் ஸ்டான்லி கிராமரோடு சேர்ந்தார். அப்புறம் வரிசையாக நல்ல காலம். 1949இல் 'சாம்பியன்', 1950இல் மார்லன் பிராண்டோ முதன்முதலாகத் திரையில் தோன்றிய 'தி மென்' இரண்டுக்கும் திரைக்கதைக்காக நீங்களே அவரைப் பரிந்துரைத்தீர்கள். மூன்றாவது பரிந்துரை 'ஹை நூன்'. அது எழுதப்பட்ட சூழ்நிலை தெரிந்துவிட்டால் அதை வெறும் கௌபாய் படமாகப் பார்க்க முடியாது.

தேவாலயக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். கொலைகாரன் மதிய ரயிலில் வருகிறான். ஊரின் காவல் அதிகாரியான மார்ஷல் கேன் துணைக்கு ஆள் கேட்டு வழிபாட்டுக்கு நடுவே வந்து நிற்கிறார். ஆளாளுக்குப் பேசுகிறார்கள். கடைசியில் எழுந்திருப்பவர் மேயர், கேனின் நண்பர். கேன் இந்த ஊருக்கு எவ்வளவு செய்தார் என்று புகழ்கிறார், அவருக்கு நாம் கடன்பட்டவர்கள் என்கிறார். கேன் முகத்தில் நம்பிக்கை வருகிறது. மேயர் அப்படியே பேச்சைத் திருப்புகிறார். வடக்கே இருக்கிற பணக்காரர்கள் இந்த ஊரில் முதலீடு செய்யப் பார்க்கிறார்கள், தெருவில் துப்பாக்கிச் சண்டை நடந்தால் அந்தப் பணம் வராது. ஆகவே கேன் ஊரைவிட்டுப் போய்விடுவதே எல்லோருக்கும் நல்லது! குரலை உயர்த்தாமல், பாசம் குறையாமல் கழுத்தறுப்பது எப்படி என்று அந்தப் பேச்சைக் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம்.

ஃபோர்மன் இதைக் கற்பனையிலிருந்து மட்டும் எழுதவில்லை. அமெரிக்க எதிர்ப்பு நடவடிக்கைகளை விசாரிக்கும் நாடாளுமன்றக் குழு அந்த நாட்களில் ஹாலிவுட்டைக் குடைந்துகொண்டிருந்தது. இளம் வயதில் கம்யூனிஸ்ட் கட்சியில் இருந்துவிட்டுப் பிறகு விலகியவர் ஃபோர்மன். படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போதே, 1951 செப்டம்பரில், குழுவின் முன் போய் நின்றார். இப்போது உறுப்பினர் இல்லை என்றார். பழைய கதையைச் சொல்லவும், கூட இருந்தவர்களைக் காட்டிக்கொடுக்கவும் மறுத்தார். கிராமர் கூட்டை முறித்துக்கொண்டார். தயாரிப்பில் ஃபோர்மனுக்கு இருந்த பங்குக்கான பெயர் படத்திலிருந்து போயிற்று. திரைக்கதைக்கான பெயர் மட்டும் தங்கியது. அவர் தொடங்க நினைத்த கம்பெனிக்குத் தோள் கொடுப்பதாகச் சொன்ன, கேனாக நடித்த கேரி கூப்பரும் நெருக்கடி தாங்காமல் பின்வாங்க வேண்டியதாயிற்று.

1953 விருது விழாவில் அதே படத்துக்காகக் கூப்பர் சிறந்த நடிகரானார். அவர் ஊரில் இல்லை. அவர் சார்பில் மேடையேறிச் சிலையை வாங்கிக்கொண்டவர் கௌபாய் பட நட்சத்திரம் ஜான் வெய்ன். இந்தப் படம் ஏன் எனக்கு வரவில்லை என்று என் ஏஜென்டைக் கேட்கப் போகிறேன் என்று வேடிக்கை வேறு பேசினார். ஃபோர்மனைத் துரத்தியதில் முன்னால் நின்றவர்களில் ஒருவர் அவர். 1971இல் ஒரு பேட்டியில், அதற்காகத் தான் வருந்தவில்லை என்று அவரே சொன்னார். இதையெல்லாம் திரைக்கதையில் எழுதினால், கொஞ்சம் அதிகமாகப் போகிறது என்று நீங்களே அடித்துவிடுவீர்கள்.

ஃபோர்மன் அதற்குள் லண்டனில் இருந்தார். பாஸ்போர்ட்டைப் பறித்துவிட்டார்கள். ஜோசப் லோஸி இயக்கிய 'தி ஸ்லீப்பிங் டைகர்' படத்துக்கு 'டெரெக் ஃப்ரை' என்ற புனைபெயருக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு எழுதினார். ஜப்பானியரிடம் சிக்கிய போர்க் கைதிகள் ரயில் பாலம் கட்டுவதைப் பற்றிப் பியர் பூல் பிரெஞ்சில் எழுதிய குவாய் நதிப் பாலம் நாவலில் படம் இருக்கிறது என்று கண்டுகொண்டு உரிமையைப் பிடித்தவரும் அவர்தான். தயாரிப்பாளர் சாம் ஸ்பீகல் வந்தார், இயக்க டேவிட் லீன் வந்தார். ஃபோர்மன் எழுதிய வடிவம் லீனுக்குப் பிடிக்கவில்லை. மைக்கேல் வில்சனை அழைத்து மாற்றி எழுதவைத்தார்கள். அவரும் கறுப்புப் பட்டியலில், அதாவது கம்யூனிஸ்ட் என்ற சந்தேகத்தில் ஸ்டூடியோக்கள் வேலை தராமல் ஒதுக்கியவர்களில், இருந்தவர். யார் பங்கு எவ்வளவு என்ற தகராறு அவர்களுக்குள் ஓயவில்லை. எனக்கு வில்சன் பக்கம்தான் சாய்வு என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆனால் இரண்டு பேரும் எழுதினார்கள், மூன்றாவது ஆள் எழுதவில்லை என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. திரையில் வந்தது அந்த மூன்றாவது ஆளின் பெயர். பிரெஞ்சு நாவலாசிரியர் ஆங்கிலத் திரைக்கதை எழுதினாராம். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தார்கள். நீங்கள் 1958இல் அந்தச் சோற்றுக்குச் சிறந்த தழுவல் திரைக்கதை என்று விருதும் கொடுத்தீர்கள்.

பெயரை எடுத்தது ஸ்டூடியோ, அகாடமி இல்லை என்பீர்கள். உண்மைதான். ஆனால் 1957 பிப்ரவரியில் உங்கள் குழு கூடி ஒரு விதி போட்டது. கம்யூனிஸ்ட் கட்சி உறுப்பினர் என்று ஒப்புக்கொண்டு அதைக் கைவிடாதவருக்கும், அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல மறுத்தவருக்கும், விசாரணைக்கு வர மறுத்தவருக்கும் ஆஸ்கர் கிடையாது. அந்த விதி முதலில் பாய்ந்ததே இதே மைக்கேல் வில்சன் மேல்தான். 'ஃப்ரெண்ட்லி பெர்ஸுவேஷன்' பரிந்துரையில் எழுத்தாளர் தகுதி இழந்தவர் என்று அறிவித்தீர்கள். 1952இல் நீங்களே ஆஸ்கர் கொடுத்த ஆளுக்கு இந்தக் கதி! அடுத்த வருஷம் குவாய் படத்தில் வில்சனின் பெயர் வந்திருந்தால் என்ன நடந்திருக்கும்? பொய்ப் பெயரோடு வந்தால் விருது, மெய்ப் பெயரோடு வந்தால் வாசலிலேயே நிற்க வேண்டும் என்று ஏற்பாடு செய்துவைத்தது நீங்கள்.

விதியை 1959 ஜனவரியில் எடுத்துவிட்டீர்கள். எடுத்த காரணம்தான் என்னை உறுத்துகிறது. தப்பு செய்துவிட்டோம் என்று அப்போது சொல்லவில்லை. நடைமுறைக்கு ஒத்துவரவில்லை, அமல்படுத்த முடியவில்லை என்றீர்கள். முகமூடிப் பெயர்களைக் கண்டுபிடித்து மாளவில்லை என்று அர்த்தம்.

பிறகு ஃபோர்மன் மேலே வந்தார். 1956இல் பெயர்களைக் காட்டிக்கொடுக்காமலே குழுவின் முன் மறுபடி சாட்சி சொல்லிவிட்டு வெளியே வந்தவர் (எப்படிச் சாதித்தார் என்று பழைய நண்பர்களே சந்தேகமாகப் பார்த்தார்கள்), கொலம்பியா ஸ்டூடியோவுக்காகப் படம் தயாரிக்கத் தொடங்கினார். 1961இல் 'தி கன்ஸ் ஆஃப் நவரோன்' பெரிய வெற்றி. இயக்கியது ஒரே ஒரு படம், 1963இல் வந்த 'தி விக்டர்ஸ்'. நீளமான, சீரில்லாத படம். ஆனால் பனி மூடிய வெளியில் ஓடிப்போன சிப்பாய் ஒருவனைக் கம்பத்தில் கட்டிச் சுடுவதற்கு வரிசை வரிசையாகப் படை வந்து நிற்க, பின்னால் ஃபிராங்க் சினாட்ராவின் கிறிஸ்துமஸ் பாட்டு ஒலிக்கும் ஒரு காட்சி இருக்கிறது. அந்த ஒரு காட்சிக்காக மற்றதை மன்னிக்கலாம். அதிகாரம் கைக்கு வந்த பிறகு அவர் எடுத்த படங்கள் பெரிதாயின, இறுக்கம் குறைந்தது. 85 நிமிடத்தில் 'ஹை நூன்' சொன்னதை அவர் அப்புறம் மூன்று மணி நேரத்தில்கூடச் சொல்லவில்லை.

1984 ஜூனில் இறந்தார். வில்சன் 1978இலேயே போய்விட்டார். 1985இல் இரண்டு சிலைகளை இரண்டு விதவைகளிடம் கொடுத்தீர்கள். நல்ல காரியம். கொடுக்காமலே விட்டிருக்கலாம், விடவில்லை. ஆனால் அதற்குப் பிறகு இந்தக் கதை சொல்லப்படும் விதத்தைக் கவனித்திருக்கிறீர்களா? 'கறுப்புப் பட்டியலில் இருந்ததால் பெயர் வரவில்லை, அகாடமி பின்னாளில் கௌரவித்தது.' பட்டியல் ஏதோ வானத்திலிருந்து விழுந்த மாதிரி இருக்கும், அகாடமி வந்து கைகொடுத்துத் தூக்கிய மாதிரி இருக்கும். அந்த நடுப்பகுதி, உங்கள் விதி, காணாமல் போய்விடும்.

சொன்னால் கேட்காத இடம் என்று உங்களை நான் நினைக்கவில்லை. 2021இல் அருங்காட்சியகத்தைத் திறந்தபோது ஹாலிவுட்டை உருவாக்கிய யூத முதலாளிகள் அதில் இல்லையே என்று கேட்டார்கள். 2024இல் அவர்களுக்கு நிரந்தரக் காட்சி வைத்தீர்கள். அதிலும் குறை சொன்னபோது வாசகங்களைத் திருத்தினீர்கள். அதே கை இதற்கும் நீளட்டும். விதியின் வாசகம், போட்ட தேதி, எடுத்த தேதி, எடுத்ததற்கு அன்று சொன்ன காரணம். இவ்வளவும் ஒரு பலகையில் அடங்கிவிடும்.

இன்னொன்றும் கேட்க இருக்கிறது. அது எங்கள் ஆட்களைப் பற்றியது.

குவாய் படத்தின் பாலம் கட்டப்பட்டது தாய்லாந்தில் இல்லை, இலங்கையில், கித்துல்கலவில், களனி ஆற்றின் மேல். நிஜமான சயாம்–பர்மா ரயில் பாதை 415 கிலோமீட்டர். 1942இல் தொடங்கி 1943 அக்டோபரில் ஜப்பானியர் முடித்தார்கள். அதில் சுமார் 60,000 நேச நாட்டுப் போர்க் கைதிகள் வேலை செய்தார்கள், 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். அவர்களைவிடப் பல மடங்கு ஆசியத் தொழிலாளர்கள் அங்கே இருந்தார்கள். இறந்தவர் 90,000 அளவில் என்பது பரவலாகச் சொல்லப்படும் மதிப்பீடு. அவர்களில் மலாயாவின் பால்மரக் காடுகளிலிருந்து, அதாவது ரப்பர்த் தோட்டங்களிலிருந்து, பிடித்துக்கொண்டு போகப்பட்ட தமிழர்கள் ஏராளம். நல்ல சம்பளம் என்று சொல்லிக் கூட்டிப்போனார்கள், லயங்கள் என்ற தோட்டக் குடியிருப்புகளிலிருந்து இழுத்தும் போனார்கள். காலராவும் பட்டினியும் அடியும் மீதியைப் பார்த்துக்கொண்டன. சயாம் மரண ரயில் என்றால் மலேசியத் தமிழ்க் குடும்பங்களில் இன்றும் யாராவது ஒரு பாட்டனார் பெயர் வரும். காஞ்சனபுரிப் போர்க் கல்லறையில் கிட்டத்தட்ட 7,000 கைதிகள் கிடக்கிறார்கள். எங்கள் ஆட்களில் பெரும்பாலோருக்குத் தனிக் குழிகூட இல்லை.

இவர்கள் கதை அந்தப் படத்தில் இல்லை. நாவல் எழுதிய பூல், போருக்கு முன் மலாயாவில் ரப்பர்த் தோட்ட வேலையில் இருந்தவர். தோட்டத் தமிழனைத் தெரியாதவர் அல்ல. 1957இல் எடுத்த படத்தை இன்று மாற்ற முடியாது, மாற்றவும் கூடாது. லீனின் அந்தப் படம் எனக்கு மிகப் பிடிக்கும். பெயர்ப் பட்டியலில் ஃபோர்மனையும் வில்சனையும் சேர்த்தது போல இதைப் படத்துக்குள் செருக முடியாது என்பதும் தெரியும். ஆனால் உங்கள் அரங்கில் அதைத் திரையிடும்போது முன்னால் ஒருவர் எழுந்து அறிமுகம் பேசுகிறாரே, அவர் திரைக்கதையை எழுதியவர்கள் யார் என்று சொல்லும் மூச்சிலேயே அந்தப் பாதையைப் போட்டவர்கள் யார் என்றும் சொல்லட்டும். இரண்டு நிமிடம் ஆகும்.

பலகைக்கான வாசகத்தை நீங்கள் எழுதியதும் அதன் தமிழ் வடிவத்தைத் தயார் செய்து தருகிறோம். காசு வேண்டாம். செய்து தருபவரின் பெயரை மட்டும் கீழே போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு தமிழ்த் திரைப்பட ரசிகன்