பதுங்கிடம் அல்ல, இடுகாடு

அன்புள்ள ஆசிரியருக்கு,

ரோம் நகரத்துச் சுரங்கக் கல்லறைகளைப் பற்றி உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். படங்கள் பிரமாதம். ஆனால் பேரரசனின் படைக்குப் பயந்து கிறிஸ்தவர்கள் வருடக்கணக்கில் அதற்குள் பதுங்கி வாழ்ந்தார்கள் என்று எழுதியிருக்கிறீர்களே, இந்தக் கதையை எப்போதுதான் விடப்போகிறோம்?

அது இடுகாடு, அவ்வளவுதான். ஊர் எல்லைக்குள் பிணத்தைப் புதைக்கக் கூடாது என்பது ரோமச் சட்டம். அதனால்தான் ஆப்பியா சாலை போன்ற வெளிச் சாலைகளின் ஓரமாக எல்லோரும் கல்லறை கட்டினார்கள், யூதர்களும் இதேபோல நிலத்தடியில் குடைந்திருக்கிறார்கள். இடமும் அரசுக்குத் தெரியாததல்ல. கி.பி. 257-ல் பேரரசன் வலேரியன், கிறிஸ்தவர்கள் கல்லறைகளுக்குள் போகவே தடை போட்டான், மறு வருடமே போப்பாண்டவர் இரண்டாம் சிக்ஸ்துஸைக் கல்லறையிலேயே பிடித்துக் கொன்றார்கள். பதுங்கிடத்துக்கு யாராவது தடையாணை போடுவார்களா? அப்புறம், இருபுறமும் பிணங்கள் அடுக்கிய இருட்டுப் பாதையில் மாதக்கணக்கில் யார்தான் குடியிருக்க முடியும்!

உண்மையில் எழுத வேண்டியது அதைத் தோண்டியவர்களைப் பற்றி. லத்தீனில் ஃபோசோரெஸ் என்பார்கள். அங்கே மண்ணுக்கடியில் இருப்பது டூஃபா என்ற எரிமலைப் பாறை, வெட்டும்போது மெத்தென்று இருக்கும், காற்றுப் பட்டால் இறுகிவிடும். கையில் பிக்காசும் எண்ணெய் விளக்குமாக, சுவரில் அலமாரித் தட்டுபோலக் குழிகளை வெட்டி, மண்ணை மேலே திறந்த துவாரம் வழியாக ஏற்றி, இடம் போதாமல் போனால் இன்னும் ஆழத்தில் அடுத்த தளம் என்று போயிருக்கிறார்கள். கலிஸ்து கல்லறையில் மட்டும் இப்படி நாலு தளங்கள், பாதைகளின் மொத்த நீளம் ஏறத்தாழ 20 கிலோமீட்டர். அந்தக் கலிஸ்துவே அங்கே மேற்பார்வையாளராக இருந்து, பிறகு 217 வாக்கில் போப்பாண்டவர் ஆனவர்தான். முன்பு அடிமையாக இருந்தவராம் (இதை எழுதிவைத்தது அவரை அறவே பிடிக்காத ஒருவர், ஆகவே கொஞ்சம் கழித்துக்கொண்டு படிக்கலாம்). நான்காம் நூற்றாண்டில் இந்தத் தொழிலாளிகளே குழிகளை விலைக்கு விற்றிருக்கிறார்கள், வாங்கியவர்கள் அதைக் கல்லிலும் பொறித்து வைத்திருக்கிறார்கள். டொமிட்டில்லா கல்லறையில் டியோஜெனெஸ் என்ற ஒரு ஃபோசோருடைய ஓவியமே இருந்தது. பின்னாளில் சுவரிலிருந்து பெயர்த்தெடுக்கப் போய் அதைப் பாழாக்கிவிட்டார்கள்.

உங்கள் கட்டுரையில் போப்பாண்டவர்களும், மதத்துக்காக உயிரை விட்ட மறைசாட்சிகளும் நிறைய வருகிறார்கள், சரி. ஆனால் அந்தக் குழிகளில் எத்தனையோ சின்னஞ்சிறு குழிகள், குழந்தைகளுடையவை. பெயர் வெட்ட வசதியில்லாதவர்கள் குழியை மூடிய ஈரச் சுண்ணாம்பில் ஒரு காசையோ கண்ணாடித் துண்டையோ பொம்மையையோ பதித்துவிட்டுப் போயிருக்கிறார்கள், அடுத்த முறை வந்தால் தங்கள் குழி எது என்று தெரிய வேண்டுமே. அதைப் பற்றி ஒரு வரியாவது போட்டிருக்கலாம்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்