கனஅடியை எங்கள் தெருக் கணக்கில் சொல்லுங்கள்: பவானி ஆற்றங்கரை நெசவாளர்களின் கோரிக்கை மனு

அனுப்புநர்
ஆற்றங்கரைத் தெருக்களில் குடியிருக்கும் நெசவாளர் குடும்பங்கள்,
பவானி, ஈரோடு மாவட்டம்.

பெறுநர்
மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
ஈரோடு.

பொருள்: வெள்ளக் காலத்தில் கரையோரத் தெருக்களுக்குப் புரியும்படி முன்னெச்சரிக்கை தருவதும், தறி நஷ்டத்தைக் கணக்கெடுப்பதும் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஆட்சியர் அவர்களுக்கு வணக்கம்.

நாங்கள் காவிரியும் பவானி ஆறும் கலக்கும் கூடுதுறைக்குப் பக்கத்தில் குடியிருக்கிறோம். ஜமக்காளம் நெய்வது பிழைப்பு. முன்பு தெருவுக்குத் தெரு தறிச் சத்தம் கேட்கும். இப்போது பல வீடுகளில் பெரியவர்கள் மட்டும்தான் தறியில் உட்காருகிறார்கள். பிள்ளைகள் அக்கரையில் குமாரபாளையத்துக்கு விசைத்தறி ஓட்டப் போய்விட்டார்கள். மிச்சமிருக்கிற தறிகளையாவது காப்பாற்றிக்கொள்ள வேண்டும் என்றுதான் இந்த மனுவை எழுதுகிறோம்.

வெள்ளம் என்றால் மழையோடு வரும் என்று வெளியூர்க்காரர்கள் நினைக்கிறார்கள். எங்கள் ஊருக்கு வெள்ளம் வெயிலில் வரும். ஆடி, ஆவணியில் இங்கே ஒரு தூறல்கூட இருக்காது. குடகிலும் வயநாட்டிலும் மழை கொட்டும். அந்தத் தண்ணீர் கபினி, கிருஷ்ணராஜசாகர் அணைகளைத் தாண்டி, பிலிகுண்டுலு, ஒகேனக்கல் வழியாக மேட்டூருக்கு வந்து, அணை 120 அடி நிறைந்ததும் அப்படியே எங்கள் படித்துறைக்கு இறங்கிவிடும். 2024 ஜூலை 30 அன்று விடியும் முன் வயநாட்டில் முண்டக்கையும் சூரல்மலையும் மண்ணில் புதைந்தன. அதே நாளில்தான் மேட்டூர் அணையும் நிரம்பியது. அங்கே ஊரை அடித்துக்கொண்டு போன அதே பருவமழைதான் ஆற்றில் ஓடி வந்து எங்கள் வாசலில் நிற்கிறது.

2018 ஆகஸ்டில் நடந்ததை, இந்த மனுவை எழுதும் நான் சொல்கிறேன். எங்கள் வீட்டுத் தறியில் புதுப் பாவு, அதாவது நெசவுக்கு நீளவாக்கில் கட்டும் நூல், ஏற்றி நான்கு நாள்தான் ஆகியிருந்தது. பகலில் மைக் கட்டிய ஆட்டோ வந்து மேட்டூரில் இத்தனை ஆயிரம் கனஅடி திறந்திருக்கிறது, கரையோர மக்கள் பாதுகாப்பான இடங்களுக்குச் செல்லுங்கள் என்று சொல்லிவிட்டுப் போனது. வாசலில் நின்று பார்த்தோம். தண்ணீர் இன்னும் கீழேதான் இருந்தது. ராத்திரி பத்து மணிக்கு மேல், எதற்கும் இருக்கட்டும் என்று மிதிக்கட்டையை அவிழ்க்க, காலை வைத்து மிதிப்பதற்காகத் தறிக்கு அடியில் தோண்டியிருக்கும் தறிக்குழிக்குள் காலை விட்டேன். கணுக்கால் வரை ஜில்லென்று ஏறியது. தெரு காய்ந்து கிடக்கிறது, வாசல்படி காய்ந்து கிடக்கிறது, குழிக்குள் மட்டும் தண்ணீர். ஆறு தெரு வழியாக வருவதற்கு முன்பே மண்ணுக்கடியில் ஊறி வந்துவிட்டது.

விடிவதற்குள் இடுப்பளவு. ரேஷன் கார்டு, பிள்ளைகளின் சர்டிபிகேட், கேஸ் சிலிண்டர், இரண்டு ஆடு, நடக்க முடியாத எங்கள் அம்மா. இவ்வளவுதான் வெளியே கொண்டுவர முடிந்தது. தறியில் ஏறிய பாவை அவசரத்தில் அறுத்துத் தூக்க முடியாது. திரும்பி வந்தபோது சிவப்பு நூலின் சாயம் பச்சையில் இறங்கி, பாவு முழுக்கச் சேற்று நிறமாகக் கிடந்தது. அந்த நூல் எங்களுடையதும் இல்லை. கூலிக்கு நெய்யக் கொடுத்த நூல். குழி காய்ந்து மறுபடி உட்கார இருபத்திரண்டு நாள் ஆனது. அத்தனை நாளும் கூலி இல்லை. 2022 ஆகஸ்டிலும் இதேதான் நடந்தது. இரண்டு முறையும் மேட்டூரிலிருந்து விநாடிக்குச் சுமார் 2 லட்சம் கனஅடி திறந்திருந்தார்கள்.

அந்த ஆட்டோ அறிவிப்பு தவறு என்று நாங்கள் சொல்லவில்லை. ராத்திரி பகல் பார்க்காமல் சுற்றி வந்தவர்களுக்கு நன்றிதான் சொல்ல வேண்டும். ஆனால் கனஅடி என்பது அணையில் இருப்பவர்களின் கணக்கு. ஒரு கனஅடி என்றால் விநாடிக்குச் சுமார் 28 லிட்டர் என்று பள்ளிக்கூடப் பிள்ளைகள்கூடச் சொல்லிவிடுவார்கள். அதை வைத்து எங்கள் வீட்டுக்குத் தண்ணீர் வருமா வராதா என்று யாரும் சொல்ல முடிவதில்லை. ஐம்பதாயிரத்துக்கும் அதே அறிவிப்பு, ஒன்றரை லட்சத்துக்கும் அதே அறிவிப்பு. நான்கு முறை மூட்டை கட்டி ஏமாந்தவர் ஐந்தாம் முறை கட்டமாட்டார்.

ஆகவே எங்கள் முதல் கோரிக்கை இதுதான். 2018-லும் 2022-லும் ஒவ்வொரு தெருவிலும் தண்ணீர் எதுவரை நின்றது என்று எங்களுக்குத் தெரியும். சுவரைக் காட்டச் சொன்னால் விரல் வைத்துக் காட்டுவோம். பொதுப்பணித் துறையில் இருப்பவர்கள் மட்டம் பிடித்துப் பார்த்து, அந்த அளவை மின்கம்பத்திலும், ரேஷன் கடைச் சுவரிலும், படித்துறைப் படிகளிலும் அழியாத பெயிண்டில் கோடாகப் போட்டுத் தர வேண்டும். ஒவ்வொரு கோட்டுக்கும் பக்கத்தில் அன்றைக்கு மேட்டூரில் எவ்வளவு, பவானி ஆற்றின் பவானிசாகர் அணையில் எவ்வளவு திறந்திருந்தார்கள் என்று எழுத வேண்டும். அதன்பிறகு அறிவிப்பு இப்படி இருக்கட்டும்: நாளைக் காலைக்குள் தண்ணீர் இரண்டாவது கோட்டுக்கு வரும். அதைக் கேட்டால் எழுபது வயதுக் கிழவிக்கும் தன் வீடு நனையுமா என்று தெரிந்துவிடும். பாவைச் சுருட்டி மச்சில் போட ஒரு நெசவாளருக்கு ஆள் துணையோடு அரை நாள் போதும். அந்த அரை நாளைத்தான் கேட்கிறோம்.

இதில் மேட்டூர்க் கணக்கு மட்டும் போதாது என்பதையும் சொல்லியாக வேண்டும். கூடுதுறையில் காவிரி உயர்ந்து நின்றால் பவானி ஆறு இறங்க இடமில்லாமல் பின்னால் ஏறும். 2018-ல் இரண்டு அணையும் ஒரே சமயத்தில் நிரம்பி வழிந்தன. காவிரியை மட்டும் பார்த்துக்கொண்டிருந்த தெருக்களுக்குப் பவானிப் பக்கமிருந்து தண்ணீர் வந்தது. பவானிக்குத் தண்ணீர் நீலகிரியிலிருந்து வருகிறது. 2019 ஆகஸ்ட் 8 அன்று அவலாஞ்சியில் ஒரே நாளில் பதிவான மழை 82 சென்டிமீட்டர். அந்த மழை பில்லூர் வழியாக மேட்டுப்பாளையம் தாண்டி, பவானிசாகர் வந்து, அப்புறம்தான் எங்களிடம் வருகிறது. ஆக, எங்களுக்கு உண்மையில் நேரம் இருக்கிறது. மலையில் மழை பெய்த அன்றே ஒரு சொல் வந்தால் போதும்.

இன்னொரு சிக்கல் மாவட்ட எல்லை. இக்கரை பவானி ஈரோடு மாவட்டம், அக்கரை குமாரபாளையம் நாமக்கல் மாவட்டம், தண்ணீர் திறக்கும் மேட்டூர் சேலம் மாவட்டம். அக்கரையில் இந்திரா நகரிலும் கலைமகள் வீதியிலும் தண்ணீர் ஏறும் அதே நேரத்தில்தான் இங்கே கந்தன் பட்டறையிலும் ஏறுகிறது. அங்கே இருக்கிற எங்கள் சொந்தக்காரர்களுக்கு ஒரு நேரத்தில் சொல்கிறார்கள், எங்களுக்கு ஒரு நேரத்தில் சொல்கிறார்கள். மூன்று மாவட்ட அலுவலர்களும் ஒரே அறிவிப்பை, ஒரே நேரத்தில், ஒரே கோட்டுக் கணக்கில் சொல்லும்படி தாங்கள் முன்னின்று ஏற்பாடு செய்ய வேண்டும்.

நாட்டில் எங்களுக்கு மட்டும்தான் கஷ்டம் என்று நாங்கள் சொல்லவரவில்லை. பீகாரில் 2008 ஆகஸ்ட் 18 அன்று நேபாளத்துக் குசகாவில் கோசி ஆற்றின் கரை உடைந்து, ஆறே பழைய தடத்துக்குத் திரும்பி, லட்சக்கணக்கானவர்கள் வீடு இழந்தார்கள். மும்பையில் 2005 ஜூலை 26 அன்று சாந்தாக்ரூசில் ஒரே நாளில் 94 சென்டிமீட்டர். 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஏறத்தாழ அதே அளவு மழை. ஸ்ரீவைகுண்டத்தில் ரயிலே பயணிகளோடு நின்றுபோனது. 2015 டிசம்பரில் செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து 29,000 கனஅடி அடையாற்றில் வந்த ராத்திரியில், கரையில் தூங்கிக்கொண்டிருந்தவர்களுக்கு அந்த எண் என்ன சொல்லியிருக்கும் என்று நாங்கள் அடிக்கடி நினைப்பதுண்டு. நம் கொங்குப் பக்கமே எடுத்துக்கொண்டாலும் 2011 நவம்பரில் திருப்பூரில் ஓடைகள் பெருகி ஆட்களை அடித்துக்கொண்டு போயின. 2019 டிசம்பர் 2 அன்று மேட்டுப்பாளையம் நடூரில் மழையில் சுவர் இடிந்து 17 பேர் போனார்கள். ஒரு இடத்தில் கரை உடைகிறது, ஒரு இடத்தில் வானம் கொட்டுகிறது, ஒரு இடத்தில் சுவர் சாய்கிறது. இங்கே வெயிலடிக்கும்போது ஆறு ஏறுகிறது. எல்லா இடத்துக்கும் ஒரே மாதிரி எச்சரிக்கை, ஒரே படிவம் என்றால் அது எங்கள் ஊருக்குப் பொருந்தவில்லை.

இதில் ஒரு ஊரைப் பற்றித் தனியாகச் சொல்ல ஆசைப்படுகிறோம். கேரளத்தில் எர்ணாகுளம் பக்கம் சேந்தமங்கலம் என்று ஒரு ஊர்; நம் நாமக்கல் சேந்தமங்கலம் அல்ல. அதுவும் கைத்தறி ஊர். எங்கள் பாவு நனைந்த அதே 2018 ஆகஸ்டில் அங்கேயும் வெள்ளம் புகுந்து, ஓணத்துக்காக நெய்து வைத்திருந்த துணியெல்லாம் சேறாகிவிட்டது. அந்தச் சேற்றுத் துணியைத் துவைத்து, வெட்டி, சேக்குட்டி என்று சின்னப் பொம்மைகள் செய்தார்கள். எங்கெங்கிருந்தோ ஆட்கள் வந்து கூடவே உட்கார்ந்து பொம்மை கட்டினார்கள். அந்த நெசவாளர்களின் நஷ்டம் வெளியே தெரிந்தது, தறிகள் மறுபடி ஓடின. எங்கள் பாவும் அதே மாதத்தில்தான் கெட்டது. பவானி ஜமக்காளத்துக்குப் புவிசார் குறியீடு இருக்கிறது. ஆனாலும் அந்தத் தறிகள் எத்தனை நனைந்தன என்று ஒரு தாளிலும் எழுதப்படவில்லை.

ஏனென்றால் கணக்கெடுக்க வந்தவர்களின் படிவத்தில் வீட்டுக்கு இடம் இருந்தது, ஆடு மாட்டுக்கு இடம் இருந்தது, தறிக்கு இல்லை. தண்ணீர் வடிந்து, நாங்கள் சேற்றை வழித்துக் கழுவிவிட்ட பிறகுதான் வந்தார்கள். வீடு நிற்கிறதே என்று எழுதிக்கொண்டு போனார்கள். பேரிடர் நிவாரண நிதி விதிகளில் கைத்தறி நெசவாளர்களுக்கு இரண்டு வகை உதவி உண்டு: சேதமான கருவிகளுக்கு ஒன்று, கெட்டுப்போன நூலுக்கும் பாதி நெய்த, நெய்து முடித்த துணிக்கும் ஒன்று. உரிய அலுவலர் சேதத்தைப் பார்த்துச் சான்று தர வேண்டும். பார்க்க யாரும் வராததால் அந்த உதவி எங்களுக்கு ஏட்டோடு நின்றுவிட்டது. வெள்ளம் வடிந்த மூன்று நாளுக்குள் கைத்தறித் துறை அலுவலர் ஒருவரும் கிராம நிர்வாக அலுவலரும் சேர்ந்து தெருத்தெருவாக வந்து, தறிக்குழியைப் பார்த்து, பாவைப் பார்த்து எழுத வேண்டும். விசைத்தறிக் கூலிக்காரர்களுக்கு அந்த விதி பொருந்துமா என்று கேட்டால் ஒருவர் ஆம் என்கிறார், ஒருவர் இல்லை என்கிறார். மோட்டார் தண்ணீரில் முங்கியவர்கள் அவர்கள். இதற்கும் தெளிவான பதில் வேண்டும்.

ஆற்றங்கரையில் ஏன் இருக்கிறீர்கள், வேறு இடத்துக்குப் போங்கள் என்று சொல்வதும் எங்கள் காதில் விழுகிறது. ஆற்றை நெருக்கி வீடு கட்டியிருக்கிறோம் என்பதை மறைக்கவில்லை. சில வீடுகள் புறம்போக்கில்தான் இருக்கின்றன. மாற்று வீடு கொடுத்தால் போகத் தயார். ஆனால் அடுக்குமாடியில் மூன்றாவது தளத்தில் குழித்தறி போட முடியாது. அசாமில் மிசிங் மக்கள் கால் நட்டு வீட்டையே உயரத்தில் கட்டிக்கொண்டு பிரம்மபுத்திராவோடு வாழ்கிறார்கள். குழித்தறி மண்ணில் இறங்கி உட்கார்ந்து நெய்வது, அதை உயர்த்த வழியில்லை. தரைத்தளத்தில், மேட்டு நிலத்தில், தறிக்கு ஒரு அறையோடு இடம் கொடுத்தால் எங்களில் பாதிப் பேர் நாளைக்கே பெயர் கொடுப்போம். அதுவரை வெள்ளக் காலத்தில் பாவையும் நூலையும் வைக்க, ஊரின் மேட்டுப் பகுதியில் பூட்டுப் போடும் வசதியோடு ஒரு பொதுக் கட்டடத்தை ஒதுக்கித் தர வேண்டும். முகாமில் சோறு நன்றாகத்தான் போட்டார்கள். நனைந்த மூட்டையை வைக்கத்தான் இடமில்லை.

வரும் ஆடிப்பெருக்குக்கு முன்பாக, கோடு போடும் வேலையையாவது முடித்துத் தர வேண்டும் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். மட்டம் பிடிக்க அலுவலர்கள் வரும் நாளை முன்கூட்டியே சொன்னால், ஒவ்வொரு தெருவிலும் 2018-ஐப் பார்த்த ஒருவரைக் கூடவே நிறுத்துகிறோம். பெயிண்ட் அடிக்க ஆள் வேண்டுமென்றால் எங்கள் பிள்ளைகள் வருவார்கள். தெருவாரியாக வீடுகள், தறிகளின் எண்ணிக்கை, 2018-லும் 2022-லும் எடுத்த படங்கள் ஆகியவற்றை இணைத்திருக்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
பவானி ஆற்றங்கரை நெசவாளர் குடும்பங்கள்
(கையெழுத்துகளும் கைரேகைகளும் தனித்தாளில்)

இடம்: பவானி